கவுண்டருக்குப் பின்னால் ஒரு கன்னிச்சாமி

"கவுண்டருக்குப் பின்னால் பணியாற்றுபவர் முகம் மழித்து, கறுப்புத் தோல் ஷூ அணிந்து, கழுத்தில் வெளியே தெரியும் அணி எதுவும் இல்லாமல் இருக்க வேண்டும். மத வழக்கம் காரணமாக விலக்கு வேண்டுபவர் துறைத் தலைவர் வழியாகத் தலைமை அலுவலகத்துக்கு விண்ணப்பிக்கலாம். விண்ணப்பத்துக்குப் பதில் வரும்வரை அவருடைய பணிநிலையில் எந்த மாற்றமும் செய்யலாகாது."

நான் கடைசியாக பார் மேலாளராக இருந்த ஓட்டலின் நடைமுறைக் கையேட்டில் இருந்த விதி இது. மூன்று வாக்கியங்கள். முதல் வாக்கியம் எல்லோருக்கும் தெரியும். இரண்டாவது சிலருக்குத் தெரியும். மூன்றாவதைப் படித்தவன் அந்தக் கட்டடத்தில் நான் ஒருவன்தான். அதை எழுதியவரே படித்திருப்பாரா என்பது சந்தேகம். வேறு ஏதாவது கம்பெனியின் கையேட்டிலிருந்து எடுத்து ஒட்டியிருப்பார்.

கேட்டரிங் முடித்துவிட்டு இந்த வருடம் பாரில் வேலைக்குச் சேரப்போகிற உங்களுக்கு, எந்த மதுவில் எதைக் கலப்பது என்று நான் சொல்லப் போவதில்லை. அதைக் கைப்பேசி சொல்லிக் கொடுக்கும். பாட்டிலைத் தலைக்கு மேலே வீசிப் பிடிப்பதையும் சொல்லித் தரப் போவதில்லை. அதை அம்பத்தூரில் யாரும் கேட்பதில்லை. மேலே ஃபேன் ஓடுகிறது.

இந்த வேலையில் உச்சரிக்கக் கடினமான சொல் ஒன்றே ஒன்றுதான். 'போதும்.' உங்களுக்கு வயது இருபத்திரண்டு. எதிரே உட்கார்ந்திருப்பவருக்கு ஐம்பத்தைந்து. நம் ஊரில் இருபத்திரண்டு ஐம்பத்தைந்தைப் பார்த்துப் 'போதும்' என்று சொல்லும் ஒரே இடம் கல்யாணப் பந்தி. அங்கேயும் சாம்பார் வாளி அவர் கையில் இருக்கும். பாரில் வாளி உங்கள் கையில் இருக்கிறது. அங்கேதான் சிக்கல்.

கையேட்டில் இதற்கும் ஒரு வாசகம் உண்டு. "மதிப்பிற்குரிய விருந்தினரே, எங்களது பொறுப்பான பரிமாறல் கொள்கையின்படி தங்களுக்கு மேற்கொண்டு பரிமாற இயலாமைக்கு வருந்துகிறோம்." இதைச் சொல்லி முடிப்பதற்குள் விருந்தினர் பக்கத்துக் கிளாஸையும் குடித்துவிடுவார்.

எனக்கு இந்த வேலையைப் பழக்கியவர் வேறொரு வழி வைத்திருந்தார். 'போதும்' என்று அவர் சொல்லவே மாட்டார். "சோடா தீர்ந்துடுச்சு சார்" என்பார். மனிதர்கள் முணுமுணுத்துக்கொண்டே எழுந்து போவார்கள். பல வருடம் ஓடிய உத்தி. ஒருநாள் ஒரு வாடிக்கையாளர் இறங்கிப் போய், எதிர்ப் பெட்டிக்கடையில் ஆறு பாட்டில் சோடா வாங்கி, இரண்டு கையிலும் தூக்கிக்கொண்டு வந்து கவுண்டரில் அடுக்கினார். "உங்களுக்கும் சேர்த்துத்தான் வாங்கினேன்" என்றார். என் ஆசானால் அதற்குப் பிறகு மறுப்பதற்கு என்ன காரணம் சொல்ல முடியும்? ஊற்றினார். அன்றைக்கு நான் கற்றுக்கொண்டது இவ்வளவுதான்: 'போதும்' என்பதற்குப் பதிலாகச் சொல்லும் எந்தப் பொய்யையும் பெட்டிக்கடையில் விற்கிறார்கள்.

இனி தினகர் கதைக்கு வருகிறேன்.

எங்கள் ஓட்டல் அம்பத்தூர் எஸ்டேட்டை ஒட்டியிருந்தது. பார் முதல் மாடியில். மாலையில் ஐ.டி. பிள்ளைகள் வருவார்கள். சத்தம் போடுவார்கள், செல்ஃபி எடுப்பார்கள், கைப்பேசியில் வண்டி கூப்பிட்டு வீட்டுக்குப் போய்விடுவார்கள். அவர்களால் தொல்லை உண்டு, ஆபத்து இல்லை. ஆபத்து மதியக் கூட்டத்தில்தான். பட்டறை முதலாளிகள், பர்ச்சேஸ் மேனேஜர்கள். சத்தமே வராது. சாப்பிட்டுவிட்டுக் காரை எடுத்துக்கொண்டு மறுபடி வேலைக்குப் போவார்கள். புதிதாக வருகிறவர்கள் சத்தத்தைப் பார்த்துப் பயப்படுகிறார்கள். நீங்கள் சாவியைப் பாருங்கள்.

தினகர் திருமுல்லைவாயில் பையன். கேட்டரிங் டிப்ளமோ. புரட்டாசி பாதியில் சேர்ந்தான். ஆறு மாதம் தகுதிகாண் காலம். முதல் வேலை, முதல் சம்பளம். அவன் பாரில் நிற்பது அம்மாவுக்குத் தெரியும், பக்கத்து வீட்டுக்குத் தெரியாது. கை நல்ல கை. ஒருமுறை வந்தவர் என்ன குடித்தார், ஐஸ் எவ்வளவு கேட்டார் என்பதை மறக்க மாட்டான். குறை ஒன்றே ஒன்று. யார் எவ்வளவு கேட்டாலும் ஊற்றிவிடுவான்.

மதிய வாடிக்கையாளர்களில் முக்கியமானவர் ஒரு ஸ்பிரிங் கம்பெனி முதலாளி. திருநெல்வேலிக்காரர், எல்லோருக்கும் அண்ணாச்சி. வந்ததும் கார் சாவியையும் கைப்பேசியையும் கவுண்டரில் வைத்துவிட்டு, கோயிலில் உட்காருவது போல உட்காருவார். ஐப்பசியில் ஒரு மதியம் நான் ஸ்டோரிலிருந்து திரும்பி வந்தபோது, அவருடைய கண் ஒரு பக்கமும் பேச்சு ஒரு பக்கமுமாக இருந்தன. தினகர் அடுத்ததை ஊற்றிக்கொண்டிருந்தான். நான் நடுவில் புகுந்து, பிரியாணி வரவழைத்து, ஓட்டல் டிரைவரை வைத்து அவரை வீட்டுக்கு அனுப்பிவைத்தேன். பிறகு தினகரைக் கேட்டேன்.

"ஏன் ஊத்தின?"

"கேட்டாரு சார்."

"கேட்டா ஊத்திடுவியா?"

"எங்கப்பா வயசு சார் அவுருக்கு. எங்கப்பாவாண்டயே நான் இதுவரிக்கும் வேணாம்னு ஒரு வார்த்த சொன்னதில்ல. இவராண்ட எப்டி சார் சொல்றது? வாய்ல வரமாட்டேங்குது."

"வாய்ல வரலன்னா தலையையாவது ஆட்டறதுதானே?"

"ஆட்னேன் சார். அவரு சரின்னு எடுத்துகினாரு."

நம் ஊர்த் தலையாட்டலை நம்பி ஒரு பார் நடத்த முடியாது.

ஓட்டலின் ஜெனரல் மேனேஜரை எல்லோரும் ஜி.எம். என்போம். அவர் விஷயத்தைக் கேள்விப்பட்டு ஒரே வரியில் தீர்ப்புச் சொன்னார். "எல்லாருக்கும் ஊத்தறான், இப்படியே போனா ஒரு நாள் எவனையாவது காரோட ஏரியில எறக்கப் போறான். பொங்கல் கழிஞ்சும் இப்படியே இருந்தா அனுப்பிடுங்க." கொரட்டூர் ஏரியைத்தான் சொன்னார். அதில் நியாயம் இருந்தது. தகுதிகாண் அறிக்கையில் 'மறுக்கும் திறன்' என்று ஒரு கட்டம் உண்டு. அதை நான் காலியாக விட்டிருந்தேன். காலியான கட்டத்தோடு யாரையும் நிரந்தரமாக்க மாட்டார்கள்.

கார்த்திகை முதல் நாள் காலை தினகர் வேலைக்கு வந்தான். கழுத்தில் துளசி மாலை, நெற்றியில் சந்தனம், முகத்தில் அன்று முளைக்கத் தொடங்கிய தாடி. சபரிமலைக்கு மாலை போட்டிருந்தான். முதல் வருடம், கன்னிச்சாமி.

"சாமி சரணம் சார்."

"சரணம். தினா, எங்க வேல பாக்கறேன்னு குருசாமிகிட்ட சொன்னியா?"

"சொன்னேன் சார். அவரு ஐயப்பன்தாங்கல் டெப்போல கண்டக்டரா கீறாரு. கொஞ்ச நேரம் யோசிச்சாரு. அப்பறம் சொன்னாரு, 'நான் தெனம் பூந்தமல்லிக்கு ஆயிரம் பேருக்கு டிக்கெட் கிழிக்கிறேன். நானா எறங்கிப் போறேன்? நீ ஊத்து. நீ எறங்காத'ன்னுட்டாரு."

"ஒரு வருஷம் தள்ளிப் போட்டிருக்கலாமே? வேலையே இன்னும் நிரந்தரமாகலயே."

"வேல கெடச்சா மலைக்கு வரேன்னுதான் சார் வேண்டிகினேன்."

"இந்த வேலையா கேட்ட?"

"வேலன்னுதான் கேட்டேன் சார். இன்னா வேலன்னு அவரு பாத்துக் குடுத்தாரு. குடுத்தவருக்குத் தெரியாதா, நான் எங்க நின்னுகினு கீறேன்னு?"

முப்பது வருடத்துக்கு மேல் பணி விதிகளைப் படித்திருக்கிறேன். இந்த வாதத்துக்கு எந்த விதியிலும் பதில் கிடையாது.

நடைமுறைக்கு வந்தோம். சட்டை பிரச்சினை இல்லை. பார் சீருடையே கறுப்புத்தான். அந்த விஷயத்தில் ஐயப்பனும் தலைமை அலுவலகமும் ஒரே கருத்து. வெறுங்காலோடு கவுண்டருக்குப் பின்னால் நிற்க விட முடியாது, கண்ணாடித் துண்டு ஏறிவிடும். எஸ்டேட்டில் லேத்தில் நிற்கும் சாமிகள் போடுவதுபோல் ரப்பர் ஷூ போட்டுக்கொள்ளலாம் என்று கண்டக்டர் குருசாமி கைப்பேசியிலேயே அனுமதி கொடுத்தார். கலந்த மதுவை ஸ்ட்ராவில் ஒரு சொட்டு எடுத்து ருசி பார்ப்பது எங்கள் வழக்கம். அந்த மண்டலம் முழுவதும் அவன் கலந்ததற்கு நான் ருசி பார்த்தேன். ஒரு சொட்டுத்தான், உங்கள் கற்பனையை அடக்கிக்கொள்ளுங்கள்.

கையேட்டோடு இடித்தவை தாடியும் மாலையும் இந்த ரப்பர் ஷூவும். விலக்குக் கேட்டு அவன் பெயரில் விண்ணப்பம் எழுதி, துறைத் தலைவர் என்ற முறையில் பரிந்துரைத்துத் தலைமை அலுவலகத்துக்கு மின்னஞ்சலில் அனுப்பினேன். அவன் மாலை போட்டது காலையில், விண்ணப்பம் போனது மதியம். வரிசை முக்கியம். விண்ணப்பம் போகும்போது இருக்கும் நிலை எதுவோ, அதைத்தான் பதில் வரும்வரை யாரும் மாற்ற முடியாது.

முதல் வாரத்திலேயே பார் வேறு இடமாகிவிட்டது. மாலை போட்டவரைச் சாமி என்றுதான் கூப்பிட வேண்டும். அவரும் எதிரில் இருப்பவரைச் சாமி என்றுதான் கூப்பிடுவார். எனவே எங்கள் கவுண்டரில் கேட்ட உரையாடல் இப்படி இருந்தது:

"சாமி, ஒரு லார்ஜ் குடுங்க சாமி."

"இந்தாங்க சாமி."

"சாமி, கோச்சுக்காதீங்க. இன்னொண்ணு."

"போதும் சாமி."

"சரி சாமி."

அவ்வளவுதான். எழுந்து போய்விடுவார்கள். கிளாஸைக் கையில் வைத்துக்கொண்டு அவன் முகத்தைப் பார்க்க முடியாமல் சுவரைப் பார்த்துக் குடித்தவர்கள் உண்டு. கவுண்டரில் காசு வைத்து, "எங்க பேரைச் சொல்லி உண்டியல்ல போட்டுடுங்க சாமி" என்று கன்னத்தில் போட்டுக்கொண்டு போனவர்களும் உண்டு. ஒரு மதியம் அண்ணாச்சி அவன் சொன்ன சொல்லுக்கு எழுந்து, படிக்கட்டு வரை போய், நின்று திரும்பி என்னைப் பார்த்தார்.

"யோவ், நான் இப்ப ஏன்யா எந்திரிச்சேன்?"

"சாமி சொன்னாரே அண்ணாச்சி."

"அதாம்யா எனக்கும் வெளங்கல. வீட்ல பொம்பளையாளு முப்பது வருசமா சொல்லுதா, ஒருநாளும் எந்திரிக்கல" என்று சொல்லிவிட்டுத் தன் கம்பெனி டிரைவருக்குப் போன் செய்தார்.

ஜி.எம்.முக்கு இதெல்லாம் ரசிக்கவில்லை. மாத நடுவில் விற்பனை அறிக்கையோடு வந்தார்.

"நாம பார் நடத்தறோமா, பஜனை மடம் நடத்தறோமா?"

"கார்த்திகையில எந்த பார்லயும் பாதிப் பேர் வரமாட்டாங்க சார்."

"வர்ற மிச்சப் பாதியையும் உங்க சாமி எந்திரிக்க வைக்கிறாரே! கிச்சனுக்கு மாத்துங்க அவனை."

"மாத்த முடியாது சார். விண்ணப்பம் நிலுவையில இருக்கு." மூன்றாவது வாக்கியத்தை எடுத்துக் காட்டினேன். அவர் இரண்டு முறை படித்தார். பிறகு தலைமை அலுவலகத்துக்குப் போன் செய்தார். கோப்பு சட்டப் பிரிவின் பரிசீலனையில் இருப்பதாகச் சொன்னார்கள். சட்டப் பிரிவுக்கு அனுப்புவது என்றால் என்னவென்று உங்களுக்கு இன்னும் தெரியாது. தெரிந்துகொள்வீர்கள்.

எனக்கு வேறு கவலை இருந்தது. ஒருநாள் கிளாஸ் துடைக்கும்போது அவனிடம் சொன்னேன். "தினா, இப்ப பேசறது மாலை. நீ இல்ல."

"தெரியும் சார்" என்றான். "அதான் பயமா கீது. மாலைய கழட்டிட்டா இன்னா பண்ணுவேன்?"

காலிக் கட்டத்தில் நான் அப்போதும் எதுவும் எழுதவில்லை. சீருடை சம்பாதித்த மரியாதையை ஆள் சம்பாதித்ததாக எழுத முடியாது.

மலைக்குப் போய் வந்தான். அரவணைப் பாயசம் கொண்டுவந்து எல்லோருக்கும் கொடுத்தான். தை பிறந்து அவன் மறுபடி வேலைக்கு வந்தபோது முகம் மழித்து, தோல் ஷூ போட்டு, மாலை இல்லாமல் நின்றான். கையேட்டின் முதல் வாக்கியத்துக்கு அச்சு அசலான ஆள். தலைமை அலுவலகத்திலிருந்து பதில் வரவில்லை.

பொங்கல் கழிந்து கொஞ்ச நாளில் அண்ணாச்சி மதிய விருந்து ஒன்று வைத்தார். வெளியூரிலிருந்து வந்த அவருடைய வாடிக்கையாளர்கள் சாப்பிட்டுக் கிளம்பினார்கள். அண்ணாச்சி மட்டும் கவுண்டருக்கு வந்து உட்கார்ந்தார். சாவியும் கைப்பேசியும் வழக்கமான இடத்தில். பக்கத்தில் ஜி.எம். நின்றார். அண்ணாச்சியின் மகள் நிச்சயதார்த்தத்துக்கு எங்கள் ஹாலைப் பேசியிருந்தார்கள், அதனால் அன்று அவருக்கு எல்லா மரியாதையும். டிரைவர் அன்றைக்கு லீவு என்று அண்ணாச்சியே சொல்லிக்கொண்டிருந்தார்.

"தினகரு, இன்னொண்ணு ஊத்துடே. நாலு மணிக்குப் பேத்தியப் பள்ளிக்கூடத்துல இருந்து கூப்பிடணும். வெரசா."

தினகர் பாட்டிலை எடுத்தான். நான் பக்கத்தில்தான் நின்றேன். இங்கே உங்களுக்கு ஒரு விஷயம் சொல்ல வேண்டும். பார்மேன் ஒருவருக்கு மறுத்துவிட்டால் அந்த மறுப்பை எந்த மேலதிகாரியும் மாற்றக் கூடாது என்று எங்கள் கையேட்டில் உண்டு. நல்ல விதி. ஆனால் பார்மேன் வாயைத் திறந்தால்தான் அந்த விதிக்கு உயிர். அவன் ஊற்றியிருந்தால் கிளாஸை நான் எடுத்திருப்பேன். அண்ணாச்சி பத்திரமாகப் போயிருப்பார். தினகரின் வேலை அந்த இடத்திலேயே முடிந்திருக்கும். அவனுக்கு முந்தி நான் பேசியிருந்தாலும் அதே முடிவுதான். எனவே வாயை மூடிக்கொண்டு நின்றேன். என் வேலைக்காலத்தில் நான் செய்த கடினமான காரியங்களில் அதுவும் ஒன்று.

அவன் பாட்டிலைச் சாய்க்காமல் கீழே வைத்தான்.

"போதும் அண்ணாச்சி."

அண்ணாச்சி சிரித்தார். "மாலையத்தான் கழட்டியாச்சுல்லா? பொறவு என்னடே சாமி வேசம்? ஊத்து."

"தினகர், சாருக்கு ஊத்துப்பா" என்றார் ஜி.எம்.

தினகர் பாட்டிலைத் திரும்ப அலமாரியில் வைத்தான். கவுண்டரின் சிறு கதவைத் திறந்துகொண்டு வெளியே வந்தான். பணி நேரத்தில் பார்மேன் கவுண்டரை விட்டு வெளியே வரக் கூடாது. அதற்கும் ஒரு விதி உண்டு, அதை மீறினான். அண்ணாச்சியின் பக்கத்தில் வந்து, கையைக் கட்டிக்கொள்ளாமல், தொங்கவிட்டு நின்றான்.

"சாமி இல்ல அண்ணாச்சி. நான்தான் சொல்றேன். ஊத்த மாட்டேன்."

"யாருலே நீ எனக்குச் சொல்லுததுக்கு?"

"யாரும் இல்ல. ஊத்தறவன். எத்தினி ஊத்தினேன்னு எனக்குத் தெரியும், உங்களுக்குத் தெரியாது. அவ்ளோதான் வித்தியாசம்."

"என் பணம்லே. எங்க கொடுத்தாலும் ஊத்துவான்."

"ஊத்துவான் அண்ணாச்சி. நான் ஊத்த மாட்டேன். திட்டணும்னா திட்டுங்க, நின்னு கேட்டுக்கறேன். சாவிய நான் எடுக்க மாட்டேன். நீங்களே குடுங்க. பாப்பா வெயில்ல நின்னுகினு இருக்கும். ஆட்டோ கீழயே நிக்குது."

அண்ணாச்சி திட்டினார். திருநெல்வேலியில் இவ்வளவு சொல்வளம் இருப்பது எனக்கு அதுவரை தெரியாது. தினகர் சொன்னபடி நின்று கேட்டுக்கொண்டான். கடைசியில் பள்ளி விடும் நேரம் நெருங்கியதோ, திட்டுவதற்குச் சொல் தீர்ந்ததோ, அவர் சாவியை எடுத்துக் கவுண்டரில் வீசினார். அது வழுக்கிக்கொண்டு போய் எலுமிச்சைத் துண்டுகளுக்கு நடுவே விழுந்தது. "இனி இந்த வாசப்படி மிதிக்க மாட்டேன். நிச்சயதார்த்தமும் இங்க கிடையாது" என்று ஜி.எம்.மைப் பார்த்துச் சொல்லிவிட்டு இறங்கினார். தினகர் பின்னாலேயே போய் ஆட்டோவில் ஏற்றிவிட்டு வந்தான். வந்ததும் கவுண்டரைப் பிடித்துக்கொண்டு, "சார், கொஞ்சம் தண்ணி" என்றான். எலுமிச்சை வாசனையோடு இருந்த சாவியைத் துடைத்து எடுத்து வைத்தேன். அன்று சாயங்காலம் காலிக் கட்டத்தை நிரப்பினேன்.

பாருங்கள், அவன் சொன்னதில் சாமர்த்தியமான வார்த்தை ஒன்றுகூட இல்லை. சாவியைப் பிடுங்கவில்லை, கேட்டான். பிடுங்கியிருந்தால் அண்ணாச்சி மாற்றுச் சாவியோடு மறுநாள் வந்திருப்பார். கவுண்டருக்குப் பின்னால் நின்று மறுத்தால் அது ஒரு ஓட்டலின் மறுப்பு. வெளியே வந்து நின்றதால் அது ஒரு மனிதனுடைய மறுப்பாக ஆயிற்று. இதையெல்லாம் அவன் யோசித்துச் செய்தான் என்று நான் சொல்ல மாட்டேன். கவுண்டர் நடுவில் இருந்தால் பாதி ஆளை ஒளித்துக்கொள்ளலாம் என்றுகூட நினைக்காமல் வெளியே வந்துவிட்டான், அவ்வளவுதான்.

ஜி.எம். அன்றே அவனைத் தகுதிகாண் காலத்தில் விடுவிக்கச் சொல்லிப் பரிந்துரை எழுதினார். ஹால் புக்கிங் போன ஆத்திரம். மறுப்பை மாற்றக் கூடாது என்ற விதியை நான் காட்டினேன். விதி சரி, ஆள் சரியில்லை என்றார். பரிந்துரை தலைமை அலுவலகத்து மனிதவளப் பிரிவுக்குப் போனது. அங்கிருந்த அம்மையார் கோப்பைப் பார்த்துவிட்டு, விண்ணப்பம் நிலுவையில் இருப்பதால் பணிநிலையை மாற்ற முடியாது என்று திருப்பி அனுப்பினார்.

"அவன்தான் தாடியை எடுத்துட்டானே!" என்றார் ஜி.எம்.

"விண்ணப்பத்தை யாரும் எடுக்கலையே சார்" என்றேன்.

விண்ணப்பத்தைத் திரும்பப் பெறச் சொல்லித் தினகரைக் கூப்பிட்டுக் கேட்டார்கள். "சாமி பேர்ல போட்ட மனு சார். அடுத்த வருசமும் போவணும்ல?" என்று சொல்லிவிட்டு வந்துவிட்டான்.

கணக்கு எளிது. பங்குனி பாதியில் தகுதிகாண் காலம் முடிகிறது. அதற்குள் எழுத்துமூலம் விடுவிக்கப்படாதவர் நிரந்தரமானவராகவே கருதப்படுவார் என்பது பணி விதி. பதில் அதற்கு முன்னால் வந்தால் தினகர் வீட்டுக்கு. பின்னால் வந்தால் ஜி.எம்.மின் பரிந்துரை குப்பைக்கு. வாழ்க்கையிலேயே முதல் தடவையாக ஒரு அலுவலகம் தாமதிக்க வேண்டும் என்று நான் வேண்டிக்கொண்டேன். அந்த வேண்டுதலை நிறைவேற்றுவது எந்த அலுவலகத்துக்கும் சிரமமில்லை.

ஜி.எம். பொறுமை இழந்து, என்ன செய்யலாம் என்று என்னையே கேட்டார். "நினைவூட்டல் அனுப்புங்க சார்" என்றேன். அனுப்பினார். நினைவூட்டல் வந்தால் அந்தக் கோப்பை இருந்த மேசையிலிருந்து எடுத்து, நினைவூட்டலை இணைத்து, மறுபடி முதல் மேசைக்கு அனுப்புவது அங்கே வழக்கம். மாசியில் இன்னொரு நினைவூட்டலும் அனுப்பச் சொன்னேன். அதையும் அனுப்பினார். நடைமுறை தெரிந்தவன் பொய் சொல்லத் தேவையில்லை.

மாசிக் கடைசியில் ஒரு மதியம் அண்ணாச்சி படியேறி வந்தார். யார் முகத்தையும் பார்க்கவில்லை. உட்கார்ந்தார். கைப்பேசியை மட்டும் கவுண்டரில் வைத்தார். டிரைவர் கீழே இருந்தான்.

"வாங்க அண்ணாச்சி" என்றான் தினகர்.

"பேத்தி கேக்கா, 'தாத்தா, அன்னைக்கு ஏன் ஆட்டோல வந்தே?'ன்னு. கார் பஞ்சர்னேன். பச்சப்புள்ளகிட்ட என்னையப் பொய் சொல்ல வச்சுட்டல்லாலே."

"சாரி அண்ணாச்சி."

"சாரியாம். ஊத்து. போதும்னா இப்பவே சொல்லிரு, ருசி கண்ட பொறவு சொல்லாத."

"ரெண்டு அண்ணாச்சி."

"கஞ்சப்பய" என்றார். இரண்டோடு எழுந்தார். நிச்சயதார்த்தத்தை வேறொரு மண்டபத்தில் பேசி முடித்திருந்தார்கள். அதில் மாற்றமில்லை என்பதை ஜி.எம்.மிடம் மறக்காமல் சொல்லிவிட்டுப் போனார். எனவே ஜி.எம்.மின் கோபம் அப்படியே இருந்தது. நல்ல காரியம் செய்தால் போன புக்கிங் திரும்பி வரும் என்று உங்களிடம் யாராவது சொன்னால் நம்பாதீர்கள். வராது. ஆள் திரும்பி வந்தால் அதுவே பெரிது.

பங்குனி பாதியில் தகுதிகாண் காலம் முடிந்தது. மறுநாள் காலை தினகர் வழக்கம்போல் வந்தான், ஐஸ் நிரப்பினான், எலுமிச்சை நறுக்கினான். நிரந்தரமாகிவிட்டாய் என்று அவனிடம் சொல்ல யாரும் வரவில்லை. இல்லை என்று சொல்ல யாருக்கும் அதிகாரம் இல்லை. விதியின் நகலை நான் அவனிடம் காட்டினேன். இரண்டு முறை படித்துவிட்டு, "இது இன்னா சார், சும்மா இருந்தா வேல நிக்குமா?" என்றான். "சும்மா இருந்ததுக்கு இல்ல, பேசினதுக்கு" என்றேன்.

அதற்குப் பிறகுதான் தலைமை அலுவலகத்தின் பதில் வந்தது. ஊழியர் தினகருக்கு விலக்கு அளிக்க இயலாது. அவர் உடனடியாகத் தாடியை மழித்து, மாலையை அகற்றி, தோல் ஷூ அணிந்து பணிக்கு வர வேண்டும். நிறைவேற்றப்பட்டதைத் துறைத் தலைவர் உறுதி செய்ய வேண்டும். நான் கவுண்டரைப் பார்த்தேன். மழித்த முகத்தோடு, பளபளக்கும் ஷூவோடு, தினகர் ஒரு பர்ச்சேஸ் மேனேஜரிடம் 'போதும் சார்' என்று சொல்லிக்கொண்டிருந்தான். உத்தரவு உடனடியாக நிறைவேற்றப்பட்டது என்று பதில் எழுதிவிட்டு, பெறப்பட்ட நாள் என்ற இடத்தில் நாட்காட்டியைப் பார்த்து நிரப்பினேன். பங்குனி உத்திரம், ஐயப்பன் பிறந்த நாள்.